கரும்புத் தோட்டத்துப் பொடியனும் எனக்குக் கிடைத்த முதற்பரிசும்

சனிக்கிழமைத் தமிழ்ப் பள்ளி என்றதும் இன்றும் என் மூக்கில் ஏறுவது, நாங்கள் புலம்பெயர்ந்து வந்த டண்டினொங்கில் வாடகைக்கு எடுத்த வகுப்பறையின் குப்பைத்தொட்டியில் முந்தைய நாளிலிருந்தே கிடந்து கறுத்த வாழைப்பழத் தோலின் நாற்றம்தான். எனக்கு அப்போது ஒன்பது வயது. பேச்சுப்போட்டியில் மற்றப் பிள்ளைகள் எல்லோருக்கும் தெரிந்த தலைவர்களைப் பற்றிப் பேச, அப்பா மட்டும் யாருமே கேள்விப்படாத ஒருவரைப் பிடித்துக்கொண்டு வந்தார்: கரீபியன் தீவொன்றில் பிறந்து, கவிதை எழுதி, வெள்ளைக்காரன் ஆட்சியை எதிர்த்துச் சிறைக்குப் போய், பிறகு அரசியல்வாதியான ஒருவர். நான் பேச வேண்டியது அவருடைய இளமைக்காலம்.

யாழ்ப்பாணத்தில் மேடை மேடையாகக் கவிதை வாசித்த அப்பா இங்கே ஒரு கிடங்கில் பெட்டி அடுக்கினார். அந்தப் பேச்சை எழுதிய நாட்களில் அவர் "குசினி" என்று நாங்கள் சொல்லும் சமையலறையின் மேசையில் இருந்து தனக்குள் சிரித்ததைப்போல நான் முன்னும் பின்னும் கண்டதில்லை. எனக்குத் தமிழ் எழுத்து ஓடாது என்பதால், எங்கள் வீடுகளில் எல்லோரும் செய்வதுபோல, முழுவதையும் ஆங்கில எழுத்தில் எழுதித் தந்தார். எங்கே கையை உயர்த்துவது, எங்கே குரலைத் தாழ்த்துவது என்று அம்மா பழக்கினார். கரும்பு வெட்டுகிறவளின் மகன், தாய் பேசுகிற மொழியைப் பள்ளியில் பேசியதற்காகப் பிரம்படி வாங்கும் இடத்தில் நான் கண்ணைத் துடைக்க வேண்டும். துடைத்தேன். சபை கலங்கிப்போனது. பிள்ளை என்ன வடிவாகத் தமிழ் கதைக்கிறது என்று முன்வரிசை அன்ரி ஒருவர் மூக்கை உறிஞ்சினார். முதற்பரிசு எனக்கு.

காரில் ஏறியதும் அப்பா பூரிப்பு அடங்காமல் கண்ணாடியில் என்னைப் பார்த்தார். "அந்தப் பொடியனுக்கு ஏன் பிள்ளை அடிச்சவை?"

எந்தப் பொடியன் என்று நான் ஆங்கிலத்தில் கேட்டேன். சாப்பாடு, நித்திரை, வாறன், போறன் அளவுக்குத்தான் என் தமிழ். பேச்சில் ஒரு பொடியன் இருந்ததே எனக்குத் தெரியாது.

அப்பா ஏசவில்லை. ஏசியிருந்தால் தாங்கியிருப்பேன். வீட்டு வாசலில், கிடங்கில் பழகிய உடைந்த ஆங்கிலத்தில், சப்பாத்தைக் கழற்றி உள்ளே வைக்கச் சொன்னார். அன்றிலிருந்து என்னோடு அந்த ஆங்கிலம்தான். பிறகு அவர் கவிதையும் எழுதவில்லை.

பல்கலைக்கழகம் முடித்த பிறகு நான் தமிழை அரிவரியிலிருந்து, அ ஆ முதலாகப் படித்தேன். இப்போது இதை எழுதுமளவுக்கு வந்துவிட்டேன். அம்மா இறந்துபோனார். ரோவில் என்ற புறநகரில் உள்ள வீட்டில் அப்பா தனியே இருக்கிறார். தொலைபேசியில் பழைய நண்பர்களோடு அவருடைய தமிழ் இன்னும் மடைதிறந்து பாய்கிறது. எனக்குத்தான் அது இல்லாமற்போயிற்று. ஞாயிற்றுக்கிழமைகளில் போய், "அப்பா, சாப்பிட்டிட்டீங்களோ?" என்று கேட்கிறேன். வெளியாள் ஒருத்தியிடம் சொல்வதுபோல, மிகவும் மரியாதையாக, "யெஸ், தாங்க்யூ" என்கிறார்.