பரிபூரணம் என் பேரைச் சொன்ன நாள்

இதை நான் எழுதுவது பரிபூரணத்துக்குத் தெரியாது. தெரிந்தால், "எழுதுறதுக்கு ஊர்ல வேற ஆளே கிடைக்கலையாக்கும்" என்பாள். அவளைப் பற்றி எழுத உட்கார்ந்தால் என் மானம்தான் கப்பலேறும். அது அவளுக்கு எப்போதோ தெரியும். எனக்கு இப்போதுதான் உறைக்கிறது. என்ன செய்ய, பேனாவில் மை ஊற்றியாயிற்று.

பரிபூரணம் என் மனைவி. மலையடிவாரத்து மகாராஜபுரத்தில் பயிர் பண்ணுகிற சம்சாரி வீட்டுப் பெண். என்னைவிட நாலு விரற்கடை உயரம். கல்யாணப் போட்டோவில் நான் அவளுக்குச் சமமாக நிற்கிறேன் என்றால் என் காலடியில் ஒரு பலகை கிடக்கிறது என்று அர்த்தம். பலகை தெரியாமலிருக்கப் போட்டோக்காரர் முன்னால் ஒரு பூந்தொட்டியைத் தூக்கி வைத்தார். வீட்டுக்கு யார் வந்தாலும் அந்தப் போட்டோவைக் காட்டி, "பூந்தொட்டி நல்லா விழுந்திருக்கு, பாத்தியளா?" என்று கேட்பாள். அதற்கு மேல் ஒரு வார்த்தை சொல்ல மாட்டாள். எனக்கு வயிறு எரியும்.

கோழி வளர்த்து முட்டை விற்பாள். தெருவில் யாருக்காவது இடுப்புவலி என்றால் முதல் ஆளாகப் போய் நிற்பாள். அளவாகத்தான் பேசுவாள். ஆனால் அவள் பேசிவிட்டுப் போனபிறகு எதிராளி செத்த நேரம் உட்கார்ந்து யோசிக்க வேண்டியிருக்கும். அந்த எதிராளி பெரும்பாலும் நான்தான்.

நான் ராஜபாளையத்தில் பருத்தி அரைக்கிற ஒரு ஜின்னிங் பாக்டரியில் எண்ணெய் இஞ்சின் ஓட்டுகிறவன். பேர் எலியேசர். ஆனால் அந்தப் பேர் ஊரில் ஒருத்தனுக்கும் தேவைப்படவில்லை. முதலாளிக்கு நான் "டிரைவர்". கூலியாட்களுக்கு "டிரைவரய்யா". எனக்கு ஞானஸ்நானம் கொடுத்த சபையிலேயே பாதிரியார் "டிரைவர், அந்தக் கதவைச் சாத்தும்" என்பார். எலியேசர் என்று கூப்பிட்ட ஒரே ஜீவன் என் அம்மா. கடைசியில் இழுத்து "எலியேசரூ" என்பாள். அவள் கண்ணை மூடியபிறகு அப்படிக் கூப்பிட ஆள் இல்லை.

பரிபூரணம் கூப்பிடுவாளா? மூச்சு விட மாட்டாள். என்னிடம் "ஏங்க", மற்றவர்களிடம் "எங்க வீட்டுல அவிய". யுத்தகாலத்தில் ரேஷன் கார்டு எழுத வந்த குமாஸ்தா புருஷன் பேரைக் கேட்டிருக்கிறான். நான் வேலைக்குப் போயிருந்தேன். இவள் தெருவில் போன உப்பு வண்டிக்காரரை நிறுத்தி, "அண்ணாச்சி, எங்க வீட்டுல அவிய பேரை இவருட்டச் சொல்லுங்க" என்றிருக்கிறாள். அவர் "டிரைவர்" என்று சொல்லிவிட்டு மாட்டைத் தட்டிவிட்டார். கார்டில் அப்படியே ஏறிவிட்டது. அதைத் திருத்த நான் நடந்த நடையில் ஒரு ஜோடி செருப்பு தேய்ந்ததுதான் மிச்சம்.

கோபப்பட்டேனே தவிர, உள்ளுக்குள் எனக்குப் பெருமை. ஜவுளிக்கடை ஜேசுதாசனிடம் போய்ப் பீற்றிக்கொள்வேன். "வாக்கப்பட்டு வந்து இம்புட்டு வருசத்துல என் பேரு அவ வாயில வந்ததில்ல, பாத்துக்கிடும். புருசன்னா அம்புட்டு மரியாதை!"

அந்த ஜேசுதாசன்தான் மலைக்குப் போகும் யோசனையைக் கொண்டுவந்தான். பிளவக்கல்லுக்கு மேலே காட்டிலாகாவின் பங்களா ஒன்று இருந்தது. ராக்கப்பன் என்பவர் நாலைந்து பேராகக் கூட்டிக்கொண்டு போய், காட்டைச் சுற்றிக்காட்டி, ஒரு ராத்திரி அங்கே தங்கவைத்து, மறுநாள் பத்திரமாக இறக்கிவிடுவார். யுத்தம் நடந்துகொண்டிருந்த வருஷம், கிறிஸ்துமஸ் கழிந்த சமயம். பருத்தி வரத்து இன்னும் தொடங்கவில்லை. இஞ்சின் சும்மா கிடந்தது. நானும் சும்மா கிடந்தேன். ஜேசுதாசனும் அவன் மனைவி ரோசம்மாளும் கிளம்பினார்கள்.

"நானும் வாரேன்" என்றாள் பரிபூரணம்.

"நீ எதுக்குட்டி? மலையேறுறதுன்னா விளையாட்டுன்னு நெனச்சியா?"

"பொறந்ததுல இருந்து அடிவாரத்துல நின்னு அண்ணாந்து பாத்திருக்கேன். எங்க அண்ணன்மாரு விறகுக்குப் போவாவ, ஆடு பத்திட்டுப் போவாவ. பொம்பளப்பிள்ளைய விடமாட்டாவ. ஒருதடவை மேல நின்னு எங்க ஊரைக் குனிஞ்சு பாக்கணும்."

அவள் என்னிடம் ஒன்றைக் கேட்டது அதுதான் முதல் தடவை. சரி, நாம்தான் கைபிடித்து ஏற்றிவிட வேண்டியிருக்கும் என்று நினைத்துக்கொண்டு, பட்டாளத்திலிருந்து வந்த பழைய பூட்ஸ் ஒன்று வாங்கினேன். அது என் காலைவிடப் பெரிது. உள்ளே துணி அடைத்துக் கட்டிக்கொண்டேன்.

ஸ்ரீவில்லிபுத்தூரில் பஸ் மாறி, வத்திராயிருப்பிலிருந்து மாட்டுவண்டியில் அடிவாரம் போய்ச் சேர்ந்தோம். ராக்கப்பன் எங்களை வரிசையாக நிற்கவைத்து ஒரே ஒரு கட்டளை போட்டார்.

"காட்டுக்குள்ள யாரும் யாரையும் பேர் சொல்லிக் கூப்பிடக் கூடாது. ஆளு தவறிட்டா 'கூ'ன்னு சத்தம் குடுங்க. உங்க பேரைச் சொல்லி ஏதாச்சும் கூப்பிட்டுச்சின்னா, 'ஏன்'னு கேட்டுராதிய. அது மனுசக் கொரலா இருக்காது."

நான் விழுந்து விழுந்து சிரித்தேன். "நாங்க வேதக்காரங்க, ஐயா. பேய்க்கு எங்ககிட்ட என்ன வேலை? அதுலயும் நான் இஞ்சின் ஓட்டுறவன். கையால தொட்டுப் பாத்தாத்தான் எதையும் நம்புவேன்."

"பேசாம வாங்க. மேல ஏற மூச்சு மிச்சம் வேணும்" என்றாள் பரிபூரணம்.

முதலில் எல்லோருக்கும் முன்னால் நான்தான் நடந்தேன். பிறகு ராக்கப்பனுக்குப் பின்னால். பிறகு பெண்களுக்குப் பின்னால். அப்புறம் எனக்குப் பின்னால் ஆளே இல்லை. கைபிடித்து ஏற்றிவிடத் திட்டம் போட்டவனின் மூட்டையைப் பரிபூரணம் வாங்கித் தன் தலையில் வைத்துக்கொண்டாள். "குடை வேணும்னா நீங்க தூக்குங்க" என்றாள். ஜேசுதாசன் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தான். அவனை அங்கேயே உருட்டிவிட்டிருக்க வேண்டும்.

சாயங்காலம் பங்களாவுக்கு முன்னாலிருந்த பாறையில் அவளை நிறுத்தினார் ராக்கப்பன். கீழே வயலும் கண்மாயும் தென்னந்தோப்புமாகக் கிடந்தது. "எங்க ஊரு எம்புட்டுச் சின்னதா இருக்கு!" என்றாள். இருட்டும்வரை அப்படியே நின்றாள். அப்படி ஒரு சந்தோஷத்தை அவள் முகத்தில் நான் பார்த்ததில்லை. இத்தனை வருஷமாய் நாம் இவளை எங்கேயும் கூட்டிக்கொண்டு போகவில்லையே என்று எனக்கு வெட்கமாக இருந்தது.

மறுநாள் காலையில்தான் என் கூத்து. செம்பில் தண்ணீர் எடுத்துக்கொண்டு கிளம்பினேன். "பக்கத்துலயே ஒதுங்குங்க, தூரம் போகாதிய" என்றார் ராக்கப்பன். பெண்கள் இருக்கிற இடம். எனக்குக் கூச்சம் ஜாஸ்தி. தவிர, எனக்கு ஒரு உபத்திரவம் உண்டு. அதனால் நேரம் பிடிக்கும், சத்தமும் போடுவேன். அது எனக்கும் பரிபூரணத்துக்கும் மட்டுமே தெரிந்த ரகசியம். ஆகவே ஒரு மறைவு, அதைவிட நல்ல மறைவு என்று தேடித்தேடிப் போய்விட்டேன். எழுந்து பார்த்தால் மூடுபனி இறங்கி நீட்டிய என் கையே எனக்குத் தெரியவில்லை.

திசை தெரியாதவனா நான்? விறுவிறுவென்று நடந்தேன். பங்களா வரவில்லை. யானைச் சாணம்தான் வந்தது. ஆவி பறந்துகொண்டிருந்தது. வேறு திசையில் இன்னும் விறுவிறுவென்று நடந்தேன். தூரத்தில் "கூ" என்று ராக்கப்பனின் சத்தம் கேட்டது. நானும் "கூ" என்றேன். மலை முழுக்கக் கூ கூ என்று எதிரொலித்தது. ஒவ்வொரு கூவுக்கும் ஒரு பக்கம் திரும்பி நடந்து, கடைசியில் எங்கேயோ ஒரு சரிவில் முட்செடியைப் பிடித்துக்கொண்டு நின்றுவிட்டேன். கூவும் நின்றுபோனது. இனி ஆள் வராது, இங்கேயே செத்துக் கிடக்க வேண்டியதுதான் என்று தோன்றிவிட்டது.

அப்போதுதான் கேட்டது.

"எலியேசரூ..."

பெண்குரல். இழுத்து, தேய்ந்து, பனிக்குள்ளிருந்து வந்தது.

என் உடம்பில் ஒரு மயிர் பாக்கியில்லாமல் நட்டுக்கொண்டது. ஜேசுதாசன் கூப்பிட்டால் டிரைவர் என்பான். ரோசம்மாளுக்கு என் பேரே தெரியாது. பரிபூரணம் தலையே போனாலும் சொல்ல மாட்டாள். இந்தப் பேரை இப்படி இழுத்துக் கூப்பிட்ட ஒரே பொம்பளை கல்லறைத் தோட்டத்தில் கிடக்கிறாள். அப்படியென்றால் கூப்பிடுவது யார்? அம்மா கூப்பிட வந்துவிட்டாள் என்றே நினைத்தேன்.

"எலியேசரூ..." இன்னும் கிட்டத்தில்.

கையால் தொட்டுப் பார்த்தால்தான் நம்புவேன் என்ற சூரப்புலி என்ன செய்தது தெரியுமா? துண்டை வாய்க்குள் திணித்துக்கொண்டு, தவழ்ந்துபோய் ஒரு பாறைக்கு அடியில் புகுந்துகொண்டது. ஜெபம் சொல்லப் பார்த்தேன். பாதியில் மறந்துபோய் மறுபடி முதலிலிருந்து தொடங்கினேன். குரல் நெருங்க நெருங்க நான் பின்னால் நகர்ந்தேன். கூப்பிட்டுக்கொண்டே இருந்தது. நான் நகர்ந்துகொண்டே இருந்தேன். கையிலிருந்த செம்பு நழுவியது. எனக்குப் பின்னால் அது எதிலோ ஒருமுறை 'டங்' என்றது. அப்புறம் சத்தமே இல்லை. எவ்வளவோ நேரம் கழித்து, எங்கேயோ அடி ஆழத்தில் இன்னொரு 'டங்'. அதைக் கேட்டும் எனக்குப் புத்தி வரவில்லை. பேய்க்குப் பயந்தவனுக்குப் பள்ளம் எம்மாத்திரம்! இன்னும் ஒரு சாண் நகரக் காலைத் தூக்கினேன்.

அந்தக் குரல் உடைந்து, ஓவென்று அழுதது. "நேத்தும் லேகியம் திங்கலையே நீங்க! மூலம் தள்ளிக்கிட்டு எந்தப் பள்ளத்துல நடக்கமாட்டாமக் கெடக்கியளோ!"

மலை முழுக்க அதுவும் எதிரொலித்தது. மூலம், மூலம், மூலம்.

எந்தப் பேய்க்குத் தெரியும் என் மூலம்? செத்துப்போன அம்மாவுக்குக்கூடத் தெரியாதே!

துண்டைத் துப்பிவிட்டு, "பரிபூரணம்! இங்க இருக்கேம்ட்டி!" என்று அலறினேன். செடி கொடியெல்லாம் முறிகிற சத்தம். வந்து என் சட்டைக் காலரைப் பிடித்து, கோழிக்குஞ்சைத் தூக்குவது மாதிரி வெளியே இழுத்துப் போட்டாள். சேலை கிழிந்து முழங்கையெல்லாம் ரத்தம். பனி கொஞ்சம் விலகியது. நான் நகர்ந்து போன பக்கத்தைத் திரும்பிப் பார்த்தேன். பாறைக்கு அந்தப்புறம் ஒன்றுமே இல்லை. வெறும் பள்ளம். பாறையைக் கட்டிப்பிடித்துக்கொண்டேன்.

"கொரல் கேக்கலையா உங்களுக்கு?"

"கேட்டுச்சு."

"கேட்டுட்டா சும்மா இருந்திய?"

"எங்க அம்மைன்னு நெனச்சேன்."

 முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள்.

ராக்கப்பனும் மற்றவர்களும் வந்து சேர்ந்தார்கள். நடந்ததை ரோசம்மாள் சொன்னாள். ராக்கப்பன் கூவிக்கூவிச் சலித்து ஓடைப் பக்கம் தேடப் போனதும் இவள் பேரைச் சொல்லிக் கத்தத் தொடங்கினாளாம். "பேரைச் சொல்லாதிய, ஆத்தா" என்று அவர் அங்கிருந்தே தடுத்தாராம். "உம்ம காட்டுச் சட்டத்தை நீரே வச்சுக்கிடும்" என்று பனிக்குள் தனியாக இறங்கிவிட்டாளாம்.

கீழே இறங்கும்போது நானும் அவளும் கடைசியில் வந்தோம். அவ்வளவு பட்டும் என் வாய் அடங்கவில்லை. "நல்லவேளை, மரியாதை பாக்காமக் கூப்பிட்ட" என்றேன்.

"என்ன மரியாதை?"

"புருசன் பேரைச் சொல்லக் கூடாதுன்னு மரியாதையா இருந்தியே..."

நின்று என்னை மேலும் கீழும் பார்த்தாள். அடைத்த துணி பிதுங்கிய பூட்ஸ்வரைக்கும் பார்த்தாள். "உங்களுக்கா? மரியாதையா?" என்றாள். சிரிக்கிறாளோ என்று நினைத்தேன். சிரிக்கவில்லை. "பேரைச் சொன்னா புருசன் ஆயுசு கொறையும்பாவ எங்க ஊர்ல. அதுக்குப் பயந்துல்லா நான் சொல்லாம இருந்தேன்."

 சற்றுத்தூரம் நடந்தபிறகு, "பின்ன ஏன்ட்டி அம்புட்டுத் தடவை கூப்பிட்ட?" என்றேன்.

"மொதத் தடவை சொல்லும்போது ஒரு வருசம் போச்சேன்னு நெனச்சேன். அடுத்ததுக்கு இன்னொண்ணு. பொறவு எண்ணல. பாதி ஆயுசு போனாலும் போகட்டும், மிச்சத்தோட ஆளு கெடைச்சாச் சரின்னு கூப்பிட்டுக்கிட்டே இருந்தேன்." கண்ணைத் துடைத்துக்கொண்டாள். "நான் ஒவ்வொரு வருசமா அழிச்சு அழிச்சுக் கூப்பிடுதேன். நீங்க பாறைக்கடியில போய் ஒளிஞ்சிருக்கிய."

எனக்கு அழுகை வந்துவிட்டது. வழியில் நின்று, சின்னப்பிள்ளை மாதிரி விக்கி விக்கி அழுதேன். முன்னால் போன ஜேசுதாசன், "டிரைவருக்குக் கால் வலி போலிருக்கு" என்றான்.

அன்றைக்கு அடிவாரத்தில் மாட்டுவண்டி ஏறும்போதே மறுபடி "ஏங்க" ஆகிவிட்டேன். வருஷம் ஓடிவிட்டது, யுத்தமும் முடிந்துவிட்டது. நான் இன்னும் சாகவில்லை. அவள் கணக்கில் என் பற்று எவ்வளவு, மீதி எவ்வளவு என்று எனக்குத் தெரியாது. நேற்று அடுப்படியில் உள்ளி உரித்துக்கொண்டிருந்தாள். பக்கத்தில் யாருமில்லை. கேட்டே விட்டேன்.

"ஏட்டி, அந்தப் பேரை இன்னும் ஒரேயொரு தடவை சொல்லேன். கேக்கணும்போல இருக்கு."

உள்ளியிலிருந்து கண்ணை எடுக்காமலே சொன்னாள்: "மாட்டேன். மிச்சம் இருக்கது எனக்கு வேணும்."