பெயரை வாசித்ததும் எழுந்து நின்றவர்

1965-ஆம் வருஷம், நவம்பர் இரண்டாம் தேதி. சேலத்திலிருந்து ஆத்தூர் போகும் சாலையில், அயோத்தியாப்பட்டணத்துக்குக் கொஞ்சம் முன்னால் இருந்த எங்கள் கத்தோலிக்கப் பங்குக் கோவிலில் நடந்தது இது. அன்று கல்லறைத் திருநாள். இறந்துபோனவர்களுக்காகப் பூசை வைத்து, அவர்கள் பெயர்களை வாசித்து, பிறகு கல்லறைத் தோட்டத்துக்குப் போய் மெழுகுவத்தி ஏற்றும் நாள். அப்படிப்பட்ட நாளில் கோவில் முழுக்கச் சிரித்ததை அதற்கு முன்னும் நான் பார்த்ததில்லை, பின்னும் பார்த்ததில்லை.

எனக்கு அப்போது இருபத்துநாலு வயது. கோவிலை ஒட்டிய பள்ளிக்கூடத்தில் மூன்றாம் வகுப்பு வாத்தியார். என் கையெழுத்து அழகாக இருக்கும் என்று ஊரில் ஒரு பேச்சு. அதனால் பங்குச் சாமியார் அந்த வருஷம் எனக்கு ஒரு வேலை கொடுத்திருந்தார்.

எங்கள் பங்கிலிருந்து ஒரு காலத்தில் நிறையப் பேர் ரங்கோனுக்குப் பிழைக்கப் போயிருந்தார்கள். யுத்தத்தின்போது ஜப்பான்காரர்கள் அங்கே குண்டு போட்டதும், கையில் கிடைத்ததை எடுத்துக்கொண்டு காடும் மலையுமாக நடந்தே இந்தியாவுக்குக் கிளம்பினார்கள். பாதிப் பேர் வந்து சேரவில்லை. பட்டாளத்தில் இறந்த எங்கள் ஊர்க்காரர்கள் இரண்டு பேருக்கு சர்க்காரிடமிருந்து நம்பர் போட்ட காகிதம் வந்தது. வழியில் இறந்த இவர்களுக்கு ஒன்றும் வரவில்லை. துறைமுகத்தில் மூட்டை தூக்கியவர்கள், தச்சர்கள், சமையல்காரர்கள், அவர்களுடைய பெண்டு பிள்ளைகள். இவர்கள் எத்தனை பேர் செத்தார்கள் என்று யாரும் எண்ணவில்லை. ஒவ்வொரு கல்லறைத் திருநாளுக்கும், சாமியாருக்கு உதவியாக இருந்த உபதேசியார் ஒரு பழைய துண்டுக் காகிதத்தை வைத்துக்கொண்டு பெயர்களை வாசிப்பார். ஒரு வருஷம் பதினெட்டு வரும், இன்னொரு வருஷம் இருபத்துமூன்று வரும்.

கல்லறைத் தோட்டத்தில் அவர்களுக்கு ஒரு கல் நட வேண்டும், அதற்கு முன்னால் கணக்கு சரியாக இருக்க வேண்டும் என்றார் சாமியார். நான் ஒரு நோட்டுப் புத்தகம் வாங்கிக் கோடு போட்டு, ஒவ்வொரு பெயருக்கும் எதிரே 'கண்ணால் கண்டது', 'கேள்விப்பட்டது', 'தகவல் இல்லை' என்று மூன்று பிரிவு வைத்தேன். பள்ளிக்கூடம் விட்டதும் வீடு வீடாகப் போனேன். ஒருவரே ஞானஸ்நானப் பெயரில் ஒரு தரமும், வீட்டில் கூப்பிடும் பெயரில் ஒரு தரமும் எழுதப்பட்டிருந்ததைக் கண்டுபிடித்தேன். அன்று எனக்கு இருந்த பெருமையைச் சொல்லி முடியாது.

கடைவீதியில் இட்லிக் கடை வைத்திருந்த அக்கா ஒருவர் இருந்தார். ஐம்பது வயதிருக்கும், கணவரை இழந்தவர். அவருடைய தம்பி தச்சு வேலைக்கு ரங்கோன் போனவர். தம்பியோடு நடந்து வந்த ஊர்க்காரர் ஒருவர் தப்பி வந்து, வழியில் ரோட்டோரமாகத் தம்பியும் இன்னொருவரும் கிடந்ததைத் தன் கண்ணாலேயே பார்த்ததாகச் சொன்னாராம். அப்படிச் சொன்னவரும் பிற்பாடு இறந்துவிட்டார். நான் 'கண்ணால் கண்டது' என்று எழுதப் போகும்போது அக்கா கொஞ்சம் தயங்கினார்.

"கிடந்தான்னுதான் சொன்னாரு தம்பி. செத்துட்டான்னு வாய்விட்டுச் சொன்னாரான்னு எனக்கு இப்ப ஞாபகம் இல்ல."

காலராவும் பசியுமாக இருந்த வழியில், ரோட்டோரம் கிடந்தார் என்றால் வேறு என்ன அர்த்தம் என்று நான் கேட்டேன். நான் எழுதிவிட்டேன்.

அதே வாரம் இன்னொன்று நடந்தது. ஒரு வீட்டில் விசாரித்துவிட்டு வெளியே வந்தபோது, பக்கத்து வீட்டிலிருந்து ஒரு அம்மாள் வந்து நின்றார். பள்ளிபாளையத்துக்காரர். எங்கள் ஊரில் கட்டிக்கொடுத்திருந்த மகளைப் பார்க்க வந்திருந்தார். கோவிலுக்கு வருகிறவர் இல்லை, கழுத்தில் மஞ்சள் கயிறு, நெற்றியில் குங்குமம்.

"ஏனுங்க வாத்தியாரே, எங்க ஊட்டுக்காரரும் ரங்கோனுக்குப் போனவருங்க. உங்காளுங்ககூடத்தான் இருந்தாரு. இன்னிக்கு வரைக்கும் ஒரு தகவலும் இல்லீங்க. அவரு பேரையும் அதுல எழுதுவீங்களா?"

இது கோவில் நோட்டு, பங்கைச் சேர்ந்தவர்களுக்கு மட்டுந்தான் என்று சொன்னேன். கோபமாகச் சொல்லவில்லை, மரியாதையாகத்தான் சொன்னேன். அவரும் "சரிங்க" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார். நான் அதை அன்றைக்கே மறந்தும் விட்டேன்.

கடைசியில் இருபத்தொரு பெயர் நின்றது. திருநாளுக்கு மறுநாள் கல் தச்சரிடம் பட்டியலைக் கொடுப்பதாக ஏற்பாடு. பட்டியல் தயாரித்தவனே வாசிக்கட்டும் என்று உபதேசியாரும் விட்டுக்கொடுத்துவிட்டார்.

அன்று காலை கோவிலில் நல்ல கூட்டம். சாமியார் கறுப்பு அங்கி போட்டிருந்தார். நடுவில் கறுப்புத் துணி போர்த்திய தூம்பா, அதாவது வெறும் சவப்பெட்டி, சுற்றி ஆறு மெழுகுவத்திகள். கடைசி நேரத்தில் குடும்பங்கள் கொடுத்த சீட்டுகளை எல்லாம், கோவில் வேலைகளைப் பார்க்கும் கோவில்பிள்ளை அள்ளிக்கொண்டு வந்து என் நோட்டுக்குள் செருகிவிட்டுப் போனார். நான் ரங்கோன் பட்டியலிலிருந்து ஆரம்பித்தேன். ஒவ்வொரு பெயருக்கும் ஜனங்கள் "இளைப்பாற்றி அருளும்" என்று சொன்னார்கள். ஒன்பதாவதாக இட்லிக் கடை அக்காவின் தம்பி பெயர். தகப்பனார் பெயரோடு சேர்த்து, நிறுத்தி, நன்றாக வாசித்தேன்.

ஜனங்கள் பதில் சொல்லவில்லை. ஆண்கள் பக்கம், வாசலுக்குப் பக்கத்துத் தூண் ஓரமாக ஒருவர் எழுந்து நின்றுகொண்டிருந்தார். நரைத்த தலை, கையில் காகிதத்தில் சுற்றிய மெழுகுவத்திக் கட்டு.

"அது நான்தானுங்க சாமி. நான் சாகலைங்க."

சத்தமாகக்கூடச் சொல்லவில்லை. ஏதோ தப்பு செய்துவிட்டவர் மாதிரி சொன்னார். நான் சட்டென்று திரும்பியதில் நோட்டிலிருந்த சீட்டுகள் கீழே விழுந்தன. பெண்கள் பக்கத்திலிருந்து அக்கா எழுந்து வந்தார். ஓடவில்லை, நடந்துதான் வந்தார். தூம்பாவைச் சுற்றிக்கொண்டு போய் அந்த மனிதர் முகத்தை இரண்டு கையாலும் பிடித்து வெளிச்சத்துக்குத் திருப்பிப் பார்த்தார். பிறகு முதுகில் ஓர் அடி வைத்தார்.

"இருபத்திமூணு வருஷமா உனக்குப் பூசை வெச்சுக்கிட்டு இருக்கேன்டா, பாவி."

"நானும் உனக்கு வெச்சுக்கிட்டுத்தான்க்கா இருந்தேன்."

முதலில் யார் சிரித்தது என்று தெரியவில்லை. ஒரு கிழவர் கனைக்கிற மாதிரி ஆரம்பித்தது. அப்புறம் கோவிலே சிரித்தது, அழுதுகொண்டே சிரித்தது. சாமியார் பீடத்தின் பக்கம் திரும்பி நின்றுகொண்டார். பின்னாலிருந்து பார்த்தபோது அவருடைய தோள் குலுங்கியது.

நான் குனிந்து சீட்டுகளைப் பொறுக்கினேன். அதில் ஒன்றில், புதிய கையெழுத்தில், இட்லிக் கடை அக்காவின் பெயர் எழுதியிருந்தது. காலையில் அந்தத் தம்பியே கோவில்பிள்ளையிடம் கொடுத்த சீட்டு. அவர் மட்டும் எழுந்து நிற்காமல் இருந்திருந்தால், எதிரே உட்கார்ந்திருந்த அக்காவையும் நான் இறந்தவர்களோடு சேர்த்து வாசித்திருப்பேன்.

விஷயம் இதுதான். யுத்தம் முடிந்து ரங்கோனுக்குத் திரும்பிப்போன யாரோ ஒருவர், சேலத்தில் காலரா வந்து அக்காவின் தெருவே காலி என்று சொல்லியிருக்கிறார். அக்காவும் போய்விட்டார் என்று நம்பி இவர் கடிதம் எழுதுவதையே விட்டுவிட்டார். பர்மாவில் நம் ஆட்களைத் திருப்பி அனுப்ப ஆரம்பித்ததும் கப்பலில் மெட்ராஸுக்கு வந்து, கல்லறைத் திருநாளுக்காவது அக்கா கல்லறையில் ஒரு மெழுகுவத்தி ஏற்றுவோம் என்று ராத்திரி ரயிலில் கிளம்பி நேராகக் கோவிலுக்கு வந்திருக்கிறார்.

அந்த மெழுகுவத்திக் கட்டை அக்கா பிடுங்கிக்கொண்டார். எல்லாவற்றையும் அப்பா அம்மா கல்லறையிலேயே ஏற்றினார். அது எரிந்த எரிப்பு தீபாவளி மாதிரி இருந்தது.

தம்பி தனியாக வரவில்லை. மனைவியும் இரண்டு மகள்களும் கோவிலுக்கு வெளியே வேப்பமரத்தடியில் மூட்டை முடிச்சுகளோடு உட்கார்ந்திருந்தார்கள். பர்மாவிலேயே பிறந்த தமிழ்க் குடும்பத்துப் பெண் அந்த மனைவி. பெண்களின் கன்னத்தில் சந்தனம் அரைத்துத் தடவிய மாதிரி பர்மாக்காரர்களின் பூச்சு. அதுவரைக்கும் யாரும் இல்லாதவராக இருந்த அக்காவை "அத்தை" என்று அந்தப் பெண்கள் கூப்பிட்டதும் அவர் அப்படியே மண்ணில் உட்கார்ந்துவிட்டார். அன்று கடைக்கு வந்தவர்களுக்கெல்லாம் சும்மா இட்லி. மாவு தீர்ந்ததும் பக்கத்து வீடுகளிலிருந்து மாவு வந்தது.

சாயங்காலம் தம்பி என்னைக் கூப்பிட்டு நோட்டைப் பார்க்கலாமா என்று கேட்டார். எனக்குக் கூச்சமாக இருந்தது. அவர் தன் பெயருக்கு நேரே 'கண்ணால் கண்டது' என்று இருந்ததைப் படித்துவிட்டு, பார்த்தவர் பொய் சொல்லவில்லை என்றார். அவரும் ஒரு சிநேகிதரும் கிடந்தது உண்மைதான். சிநேகிதருக்குக் காலரா. விட்டுவிட்டு வர மனசில்லாமல் கூடவே இருந்திருக்கிறார். இரண்டு நாள் கண்விழித்த அசதியில் பக்கத்திலேயே படுத்துத் தூங்கிவிட்டார். அப்போதுதான் ஊர்க்காரர் கடந்து போயிருக்க வேண்டும். மூன்றாம் நாள் சிநேகிதர் இறந்துபோனார். தன் கையாலேயே புதைத்துவிட்டு நிமிர்ந்தபோது முன்னால் போன கூட்டம் போயே போய்விட்டது. தனியாக மலை ஏறப் பயந்து திரும்பி ரங்கோனுக்கே நடந்துவிட்டார்.

பட்டியலை மேலிருந்து கீழ்வரை ஆள்காட்டி விரலை வைத்துப் படித்தார். ஓர் இடத்தில் நிறுத்தி, இந்த அம்மா மண்டலேயில் பலகாரக் கடை வைத்திருக்கிறார், மூன்று பேரப்பிள்ளைகள், போன வருஷம்கூடப் பார்த்தேன் என்றார். நான் அந்தப் பெயரையும் அடித்தேன். ஒரு பெயரைப் பேனாவால் அடிப்பதில் இவ்வளவு சந்தோஷம் இருக்கும் என்று எனக்குத் தெரியாது. சாமியார் உடனே அந்தக் குடும்பத்துக்கு ஆள் அனுப்பினார். அரை மணி நேரத்தில் அந்தப் பக்கமிருந்தும் சத்தம் கேட்டது.

அப்புறம் அவர் கேட்டார்: "அந்த சிநேகிதர் பேரு இதுல காணோமே வாத்தியாரே. பள்ளிபாளையத்துக்காரரு."

மஞ்சள் கயிறோடு வந்து நின்ற அந்த அம்மாளின் முகம் அப்போதுதான் ஞாபகம் வந்தது. யாருக்காக இவர் பின்தங்கினாரோ, அந்த மனிதரைத்தான் பங்கைச் சேர்ந்தவர் இல்லை என்று நான் விட்டிருக்கிறேன். மறைக்காமல் சொன்னேன். அவர் கோபித்துக்கொள்ளவில்லை. சனிக்கிழமை இரண்டு பேரும் போய் வரலாம் என்றார்.

அந்த அம்மாளின் மகள் வீட்டில் விலாசம் வாங்கிக்கொண்டு பஸ் ஏறிப் போனோம். நாங்கள் போனபோது அந்த அம்மாள் தறிக்கு நூல் சுற்றிக்கொண்டிருந்தார். யார், எங்கிருந்து வருகிறோம் என்று சொன்னதும் கையை நிறுத்திவிட்டார். தம்பி எல்லாவற்றையும் சொன்னார். கேட்டு முடித்து அவர் கேட்டது ஒன்றே ஒன்று.

"கடைசியில தண்ணி குடிச்சாருங்களா?"

"என் கையாலதான் குடுத்தேங்க. குடிச்சாரு." தம்பியே மேலும் சேர்த்துக்கொண்டார். "குடிச்சுப்போட்டு, என்னய்யா தண்ணி இது, எங்க காவேரித் தண்ணிக்குக் காணுமான்னாரு. வழி நெடுக அதே பேச்சுங்க. எந்த ஆத்தைப் பாத்தாலும், இதெல்லாம் ஒரு ஆறான்னு கேப்பாரு. சாகப்போறவங்ககூடச் சிரிச்சாங்க."

அந்த அம்மாள் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டார். அழுகிறார் என்று நினைத்தேன். சிரித்துக்கொண்டிருந்தார். கண்ணிலிருந்து தண்ணீர் வழிய வழியச் சிரித்தார். "அவரு அப்பிடித்தானுங்க. பொண்ணு பாக்க எங்க ஊருக்கு வந்தப்பவே, கெணத்துத் தண்ணி உப்புன்னு சொன்னவருங்க."

பிறகு என் பக்கம் திரும்பினார். "இப்ப எழுதுவீங்களா வாத்தியாரே?"

தரையில் உட்கார்ந்து, மடியில் நோட்டை வைத்து, என் வாழ்நாளிலேயே மிக அழகான கையெழுத்தில் எழுதினேன். மன்னிப்பும் கேட்டேன். அவர் அதைக் காதில் போட்டுக்கொண்டதாகவே தெரியவில்லை. வாசித்துக் காட்டச் சொன்னார். வாசித்தேன். இன்னொரு தரம் வாசிக்கச் சொன்னார். அப்புறம் எழுந்து போய், எங்கள் இரண்டு பேரையும் சாப்பிடாமல் அனுப்ப முடியாது என்று உலை வைத்தார். சாப்பாட்டுக்கு முன்னால் ஆளுக்கொரு சொம்பு காவேரித் தண்ணீர் வந்தது. நன்றாக இருக்கிறதா என்று அவர் கேட்கவில்லை. நாங்கள் குடித்து முடிக்கும்வரை பார்த்துக்கொண்டே நின்றார்.

கல் நட இன்னும் ஐந்து மாதம் ஆனது. தம்பிக்கு ஞாபகம் வரவர, வெவ்வேறு ஊர், வெவ்வேறு சாமி கும்பிடுகிறவர்களின் பெயர்கள் சேர்ந்துகொண்டே போயின. வழியில் பிறந்து வழியிலேயே போன, பெயர் வைக்காத ஒரு குழந்தையும் இருந்தது. கோவில் கல்லில் இவர்களை எல்லாம் எழுதலாமா என்று சிலர் முணுமுணுத்தார்கள். சாமியார் எழுதுங்கள் என்று ஒரே வார்த்தையில் முடித்துவிட்டார். மொத்தம் எத்தனை என்று மட்டும் பொறிக்க வேண்டாம் என்று நான் கேட்டுக்கொண்டேன். கல் நட்ட அன்று பள்ளிபாளையத்து அம்மாள் மகளோடு வந்திருந்தார். அக்கா எல்லாருக்கும் இட்லி அவித்திருந்தார்.

அதற்குப் பிறகு எத்தனையோ யுத்தங்களைப் பற்றிப் பத்திரிகையில் படித்துவிட்டேன். இத்தனை பொதுமக்கள் இறந்தார்கள் என்று ஓர் எண் போட்டிருக்கும்போதெல்லாம் நான் அதை வேகமாகத் தாண்டிப் போவதில்லை: யாரையோ எழுதாமல் விட்டிருப்பார்கள் என்ற கவலையும், அதில் ஒருவராவது எங்கேயோ அசந்து தூங்கிக்கொண்டிருப்பார் என்ற ஆசையும் இன்றைக்கும் எனக்குச் சேர்ந்தேதான் வருகின்றன.