அஞ்சலாட்சி சொல்லாமல் விட்டது

பெரிய மார்க்கெட்டில் மீன் விற்ற அஞ்சலாட்சியைத் தேடி, 1975இல் சென்னை வாரப் பத்திரிகை நிருபர் ஒருவர் வந்தார். கணவனை அம்மிக்குழவியால் அடித்துக் கொன்ற கன்னியம்மாளுக்கு ஆயுள் தண்டனை விழுந்த வாரம் அது. கொலைக்கு மறுநாள் காலையில் அவள் அஞ்சலாட்சியிடம் மீன் வாங்கியிருந்தாள்.

"அழுதாளாம்மா?"

"ஒரு பொட்டுக் கண்ணீரு இல்ல சார். பாத்துப் பாத்து பெரிய வஞ்சிரமா எடுத்தா."

உண்மையில் அவள் எடுத்தது விலை மலிவான கவளை மீன் ஒரு கூறு. கேமராவைக் கண்டதும் பேச்சு தானாக வளர்ந்துவிட்டது. கன்னியம்மாளின் இடது கண் வீங்கி மூடிக் கிடந்ததை அஞ்சலாட்சி சொல்லவில்லை. நிருபரும் கேட்கவில்லை.

பத்திரிகை வந்ததும் டீக்கடைத் தணிகாசலம் உரக்கப் படித்தார்: "புருஷனைக் கொன்று மீன் குழம்பு ருசித்த ராட்சசி!" கூடவே, தட்டும் கையுமாகச் சிரிக்கும் ஒரு பெண்ணை வரைந்த படம். மூலையில் அஞ்சலாட்சியின் போட்டோ. மார்க்கெட்டே ஒரு வாரம் அவளைக் கொண்டாடியது.

பிறகுதான் கன்னியம்மாளின் தெருக்காரி ஒருத்தி விவரம் சொன்னாள். இரண்டு நாள் பட்டினி கிடந்த எட்டு வயது மகளுக்கு அந்த மீனைக் குழம்பு வைத்துச் சோறு ஊட்டிவிட்டு, கன்னியம்மாள் தானாகவே போலீஸ் ஸ்டேஷனுக்கு நடந்து போனாளாம். அஞ்சலாட்சி டீக்கடைக்குப் போனாள்.

"நான் சொன்னது தப்புன்னு ஒரு லெட்டர் எழுதிக் குடு தணிகாசலம்."

"அச்சாயிடுச்சே, இனிமே என்னாத்துக்கு?"

அவளும் விட்டுவிட்டாள்.

1987இல் விடுதலையான கன்னியம்மாள் மீன்கடை முன்னால் வந்து நின்றாள். தலை நரைத்திருந்தது.

"நான் கொன்னது நெசந்தான்க்கா. அத மாத்தச் சொல்லல. எம் பொண்ணு ஜெயிலுக்கு ஒருவாட்டிகூட வரல. அன்னைக்குக் காலையில நீ பாத்தத மட்டும் அவகிட்ட சொல்லு."

இருவரும் பஸ் ஏறி உழவர்கரைக்குப் போனார்கள். மகள் வேம்பு, அத்தை வளர்த்த பெண், வாசலிலேயே நின்று கேட்டாள். கவளை மீன், வீங்கிய கண், தான் இட்டுக்கட்டிய வஞ்சிரம், எல்லாவற்றையும் அஞ்சலாட்சி சொல்லி முடித்தாள்.

"அம்மா எனக்கு ஊட்டனது ஞாபகம் இருந்திச்சி. அம்மா ஒரு வாய்கூடத் திங்கல. அத்த அந்தப் பேப்பரக் காட்டிக் காட்டி, நீ சின்னப் புள்ள, ஒனக்குத் தெரியாதுன்னாங்க. போகப் போக நானும் நம்பிட்டேன்." வேம்பு அஞ்சலாட்சியின் பக்கம் திரும்பினாள். "இத்தினி வருஷம் எங்க இருந்தீங்க நீங்க?"



வேம்பு தாயின் கையைப் பிடித்து உள்ளே கூட்டிப் போனாள். அஞ்சலாட்சியை யாரும் கூப்பிடவில்லை. சற்று நின்றுவிட்டு பஸ் ஏறினாள். மார்க்கெட் வந்து சேர அரைமணி நேரம்கூட ஆகவில்லை. பன்னிரண்டு வருஷத்தில் ஒரு நாள் போயிருக்கலாம் என்று அவள் சாகும்வரை சொல்லிக்கொண்டிருந்தாள்.