சொந்தப் பெயரில் ஒரு குடிகாரர்

போன வாரம் திருத்தணியில் ஒரு கல்யாண ரிசப்ஷன். மேடையில் டூயட் களைகட்டியபோது பக்கத்து நாற்காலிக்காரர் என் காதைக் கடித்தார். "நல்லாத்தான் பாடுறாரு... ஆனா மொடாக் குடிகாரருங்க. படத்துலயே காட்டினாங்களே!"

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. பாடியவர் முனிரத்தினம். ஆண் குரல், பெண் குரல் இரண்டையும் தனியாளாகப் பாடும் கில்லாடி. பல வருடப் பழக்கம். அவர் டீ தவிர வேறெதையும் குடித்து நான் பார்த்ததில்லை!

பந்தியில் பிடித்துக்கொண்டு கேட்டேன். சிரித்தார்.

சென்னையிலிருந்து சில இளைஞர்கள் வந்தார்களாம். பெரிய கம்பெனி இல்லை, கைக்காசைப் போட்டுப் படமெடுப்பவர்கள். "நடிக்கவே வேணாம்ணே. நீங்க நீங்களா இருங்க, போதும்."

முதல் படத்தில் முனிரத்தினமாகவே வந்து பாடினார். ஊரே கொண்டாடியது. இரண்டாவதிலும் முனிரத்தினம்தான்... ஆனால் இவர் குடித்துவிட்டு மேடையிலேயே விழுவார். கதைக்குத் தேவையாம்!

கதைக்குச் சரி. கல்யாண வீட்டுக்காரர்களுக்கு? பள்ளிப்பட்டில் பேசி முடித்த கச்சேரி கேன்சல். "அது நடிப்புங்க" என்றிருக்கிறார். "உன் பேரு, உன் ஊரு, உன் சட்டை... இதுல நடிப்பு எங்க கீது?" என்று திருப்பிக் கேட்டார்களாம்.

அதற்கப்புறமும் மூன்றாவது படம் ஒப்புக்கொண்டார் - ஆசை யாரை விட்டது! இதில் முனிரத்தினத்தின் குடி தாங்காமல் மனைவி பெட்டியோடு வெளியேற வேண்டும். அந்த வேஷத்துக்கு ஒரு நடிகையும் வந்தாயிற்று. படப்பிடிப்பு அவர் வீட்டிலேயே. எல்லோருக்கும் டீ கொடுத்துக்கொண்டிருந்த நிஜ மனைவி லதா, டம்ளரை டொக்கென்று வைத்தார்.

"அவரு அவராவே வர்றாரு இல்ல? அப்ப நானும் நானாவே வரேன்."

இயக்குநர் யோசித்தார். சரி என்றார்.

கேமரா ஓடியது. லதா பெட்டியைத் தூக்கினார். வாசல் வரை போனார். நின்றார். திரும்பிப் புருஷனைப் பார்த்தார்.

"பாவா... கட்டிகினு வந்த நாள்லருந்து உங்க கிட்ட சாராய வாடையே வந்ததில்ல. ஊரு பேசுதேன்னு நீங்க சோறு எறங்காம உக்காந்துகினு இருந்ததப் பாத்தவ நான். நான் எதுக்குப் போவணும்?"

பெட்டியைத் தொப்பென்று வைத்துவிட்டார்.

முனிரத்தினம் தேம்பி அழுதார். இயக்குநர் 'கட்' சொல்லவே இல்லை. காட்சி அப்படியே படத்தில் இருக்கிறது. அதைப் பார்த்துவிட்டுப் பள்ளிப்பட்டுக்காரர்கள் மறுபடி கூப்பிட்டுவிட்டார்கள். ஆனால் எல்லோரும் எல்லாப் படத்தையும் பார்ப்பதில்லையே!

நான் இப்படித்தான் என்று நாமே சொன்னால் ஊர் நம்புவதில்லை. கூடவே இருப்பவர் சொன்னால்... யோசிக்கிறது.

இப்போது நான்காவது படம். இயக்குநர் போன் செய்தாராம். "ஆங், சொல்லுங்க சார்" என்று இவர் உற்சாகமாக ஆரம்பிக்க, அந்தப் பக்கம் பதில் வந்தது:

"அண்ணே, போனை அக்கா கிட்ட குடுங்க!"