மைனஸ் ஒன்பதும் ஒன்பதில் ஒன்றும்

எங்க அக்காவுக்கு வாய் அதிகம்னு எல்லாரும் சொல்வாங்க. மூளையும் அதிகம். அதுதான் யாருக்கும் பொறுக்கல.

பதினாலு வருஷமா நானும் அவளும் தண்ணீர்ப் பரிசோதனைக் கூடத்துல பாட்டில் கழுவுறோம். அழுக்குத் தண்ணியில கொஞ்சம் எடுத்து, நல்ல தண்ணி ஊத்தி ஊத்தி நீர்க்க வெச்ச பாட்டில்கள். மேல 10⁻¹, 10⁻², 10⁻³னு லேபிள். நான் கழுவுறதோட சரி. அக்கா லேபிளைப் படிச்சு, “இது எதுக்கு, அது எதுக்கு”ன்னு கேட்டு எல்லார் உயிரையும் வாங்குவா.

உதவியாளர் வேலை ஒண்ணே ஒண்ணு காலியாச்சு. பரீட்சை வெச்சாங்க, ரெண்டு பேரும் எழுதினோம். எனக்கு நாப்பத்தொண்ணு, அவளுக்கு நாப்பது. ஆர்டர் என் கைக்கு வந்துச்சு. அக்கா ரெண்டு பேர் விடைத்தாளையும் கேட்டு வாங்கிப் பார்த்தா. 27-ன் அடுக்கு −2/3 என்னன்னு ஒரு கேள்வி. அவ எழுதினது 1/9. தப்புன்னு சிவப்புக் கோடு. நான் எழுதினது −9. அதுக்கு ஒரு மார்க்!

மூணு நாள் ஆபீஸ் ஆபீஸா அலைஞ்சுட்டு, நாலாம் நாள் என்னையும் இழுத்துக்கிட்டு மேலதிகாரி அறைக்குள்ள நுழைஞ்சா.

“மேல மைனஸ் இருந்தா விடையும் மைனஸ்தாம்மா. இதுகூடத் தெரியாம கத்துறீங்க”ன்னார் அந்த மனுஷன், நிமிர்ந்துகூடப் பார்க்காம. அந்தத் திமிரைப் பார்த்து எனக்கே பத்திக்கிட்டு வந்துச்சு.

அக்கா விறுவிறுன்னு போய் 10⁻³ பாட்டிலைக் கொண்டாந்து அவர் மேசையில டொக்குன்னு வெச்சா.

“சார், இதுல மைனஸ் ஆயிரம் பங்கு அழுக்கா இருக்கு? ஆயிரத்துல ஒரு பங்கு! அடுக்குல கீழ மூணு இருக்கே, அது கனமூலம். இருபத்தேழுக்கு மூணு. மேல ரெண்டு, அது வர்க்கம். ஒன்பது. மைனஸ் அதைத் தலைகீழாக்கும். ஒன்பதில் ஒண்ணு. இத்தனை வருஷமா என்னத்தைப் பார்த்து சார் கையெழுத்துப் போட்டீங்க?”

கால்குலேட்டரைத் தட்டினார். முகம் சுருங்கிப் போச்சு. “சரிதாம்மா. ஆனா ஆர்டர் குடுத்தாச்சே. ஒரே ஒரு மார்க்குக்குப் போய்...”

“ஒரு மார்க்கா? பதினாலு வருஷம் சார்!” சொல்லும்போதே அக்கா கண்ணுல தண்ணி. அவ அழுது நான் பார்த்ததே இல்ல.

அதுக்கு மேல என்னால முடியல. பையிலிருந்து ஆர்டரை எடுத்து மேசையில அடிச்சேன். “என் தாளையும் எடுங்க சார். மைனஸ் ஒன்பதை அடிங்க. எனக்கு நாப்பது, அவளுக்கு நாப்பத்தொண்ணு. எழுதுங்க!”

எழுதினார்.

வெளிய வந்ததும் அக்கா கண்ணைத் துடைச்சுக்கிட்டு, “லேபிளைப் படிடி எருமைன்னு எத்தனை தடவை சொன்னேன்”னு என் தலையில ஒரு குட்டு வெச்சா.

இப்ப அவ வெள்ளைக் கோட்டு, நான் அதே பாட்டில். கோபம் இன்னும் ஆறல. பாதி அந்த ஆள் மேல. மீதி என் மேல. தாள் வந்த அன்னிக்கே அக்கா எனக்கு அந்தக் கணக்கைப் போட்டுக் காட்டிட்டா, புரிஞ்சும் போச்சு. புரிஞ்சுக்கிட்டு, ஆர்டரைப் பையில வெச்சு, மூணு நாள் வாயே திறக்கல நான்.