எண்பத்துமூன்று ஸ்பானிஷ் சொற்கள்

ஞாயிற்றுக்கிழமை மதியம் பூண்டு உரித்துக்கொண்டிருந்தேன். எங்கள் மலையில் விளையும் வட்டவடைப் பூண்டு; பல் சிறிசு, வாசனை மட்டும் பக்கத்து வீடு வரை போகும். கோயமுத்தூரில் படிக்கும் மகள் அந்த நேரம் பார்த்து போன் செய்தாள். கல்லூரியில் ஸ்பானிஷ் வகுப்பில் சேர்ந்திருக்கிறாள்.

"அம்மா, ஐநூறு வார்த்தை படிச்சிட்டேன். ஆனா சும்மா பேசணும்னாலே ஆயிரக்கணக்குல வேணுமாம்."

"எனக்கு அப்ப எண்பத்திமூணுதான் தெரியும். அத வச்சே ஒரு புருசன் பொண்டாட்டியப் பிரிய விடாமப் பண்ணேன்" என்றேன். அவள் சிரித்துவிட்டு வைத்துவிட்டாள். நீங்களாவது கேளுங்கள்.

இருபத்திரண்டு வயதில் சித்திரபுரத்தில் ஒரு ஹோம்ஸ்டேயில் வேலைக்குச் சேர்ந்தேன். அம்மாவைப்போலத் தேயிலைத் தோட்டத்தில் கொழுந்து கிள்ளப் போகாமல் தப்பித்தாயிற்று என்ற திமிர் வேறு. அங்கே ஸ்பெயின்காரர்கள் நிறைய வருவார்கள். ஆங்கிலம் அவர்களுக்கும் தகராறு, எனக்கும் தகராறு. முதல் வாரம் பூண்டு வதக்கும்போது ஒரு பெண்மணி அடுக்களைக்குள் எட்டிப் பார்த்து, "ஆஹோ!" என்றாள். என் சமையலைத்தான் பாராட்டுகிறாள் என்று இரண்டு நாள் தலைகால் புரியாமல் திரிந்தேன். ஆஹோ என்றால் பூண்டாம். அன்றைக்கே ஒரு நோட்டு வாங்கிவிட்டேன்.

ஜீப் ஓட்டும் பாண்டி அண்ணனுக்கு என்னைவிடச் சிரமம். டீ நன்றாக இருக்கிறதா என்று ஒருவரிடம் சைகையில் கேட்டிருக்கிறார். அவர் தலையாட்டி, "சீ, சீ" என்றாராம்.

"ஏ தங்கச்சி, முழுசாக் குடிச்சுப்புட்டு சீங்காரே, என்னா மனுசன்?"

"ஆமான்னு அர்த்தம்ண்ணே."

"பெறகு எதுக்கு வையிற மாதிரி சொல்லணும்?"

நோட்டில் சொற்கள் மெல்ல ஏறின. அகுவா, தண்ணீர். மன்யானா, நாளை. நுங்கா, ஒருபோதும் இல்லை. சின் அசூக்கர், சர்க்கரை இல்லாமல். இதில் 'சின்' மட்டும்தான் 'இல்லாமல்' என்று நானே பிரித்துக் கண்டுபிடித்தேன். அன்று முழுக்கப் பெரிய பண்டிதை மாதிரி ஒரு நடை நடந்தேன்.

எண்பத்துமூன்றாவது சொல் ஏறியிருந்த சமயத்தில்தான் பிலாரும் அந்தோனியோவும் வந்தார்கள். அறுபதைத் தாண்டிய தம்பதி. பாண்டி அண்ணன் ஜீப்பில் அவர்களை வட்டவடைக்குக் கூட்டிப்போனோம். கேரட் தோட்டத்தில் திடீரென்று மழை. அந்தோனியோ தலையில் பையை வைத்துக்கொண்டு ஜீப்பைப் பார்த்து ஓடினார். பின்னால் வந்த அவர் மனைவி பிலார் சேற்றில் வழுக்கி விழுந்தார். கணவர் திரும்பியே பார்க்கவில்லை. கை கொடுத்துத் தூக்கியது நான்தான்.

அந்த நிமிடம் முதல் இருவருக்கும் பேச்சு நின்றது. மறுநாள் காலை சாப்பாட்டு மேசையின் இந்தக் கோடியில் ஒருவர், அந்தக் கோடியில் ஒருவர். பிலார் என்னைக் கூப்பிட்டுக் கடகடவென்று கொட்டினார். எனக்குப் பிடிபட்டது எட்டு 'நுங்கா' மட்டும். பிறகு மோவாயால் கணவரைக் காட்டினார். போய்ச் சொல்ல வேண்டுமாம்! இருவருக்கும் ஒரே மொழி, இடையில் நான்கு முழ மேசை, தூது போக நான்.

"சென்யோர்... நுங்கா" என்றேன். அதற்கு மேல் என்னிடம் சரக்கில்லை.

பிலார் விடவில்லை. இந்த முறை எனக்குத் தெரிந்த சொற்களாகவே பொறுக்கி, நிதானமாகச் சொன்னார். நாளை. டாக்ஸி. கொச்சி. ஊனா, ஒருத்தி மட்டும்.

அந்தோனியோவிடம் சொன்னபோது அவர் ஒற்றை விரலை உயர்த்தி, "ஊனா?" என்று என்னைத்தான் கேட்டார். "ஊனா" என்றேன். அவர் முகம் தொங்கிவிட்டது. மேசையைப் பார்த்தபடி வெகுநேரம் முணுமுணுத்தார். அத்தனையிலும் எனக்குத் தெரிந்த சொல் ஒன்றே ஒன்று. சின். இல்லாமல். அதற்குப் பின்னால் அவர் கண் பிலார் பக்கம் போனது.

இதை எப்படிக் கொண்டுபோய்ச் சேர்ப்பது? என் நோட்டில் சோகம் இல்லை, தனிமை இல்லை, மன்னிப்பு என்பதற்கு ஒரு சொல்கூட இல்லை. இருந்ததை வைத்து ஒட்டினேன்.

"சென்யோர் சின் பிலார்... தே சின் அசூக்கர்."

நீங்கள் இல்லாத அவர் சர்க்கரை இல்லாத டீ. சொன்ன பிறகுதான் உறைத்தது. மூன்று நாளாக அவருக்குச் சர்க்கரை போடாமல் டீ கொடுப்பதே நான்தான். மனிதர் சர்க்கரை நோய்க்காரர். அவருக்கு அந்த டீதானே பிடிக்கும்!

வேலை போயிற்று என்று நின்றேன். அந்தோனியோ என்னைப் பார்த்தார். சர்க்கரைக் கிண்ணத்தை இழுத்தார். ஒரு கரண்டி. இரண்டு கரண்டி. மூன்றாவதையும் போட்டுக் கலக்கி, கோப்பையை வாய்க்குக் கொண்டுபோனார்.

"அந்தோனியோ! நோ!"

பிலார் எழுந்து ஓடிவந்து கோப்பையைப் பிடுங்கினார். பாதி டீ மேசை விரிப்பில் போயிற்று. அப்புறம் இருவரும் ஒரே நேரத்தில் பேச ஆரம்பித்தார்கள். சத்தமாக, கையை ஆட்டி ஆட்டி, என்னை மறந்தே போய். ஒரு சொல்கூடப் புரியவில்லை எனக்கு. விரிப்பை மாற்றக் காத்துக்கொண்டு நின்றேன். மறுநாள் டாக்ஸி வந்தது. பின்சீட்டில் இருவரும்தான் உட்கார்ந்தார்கள்.

இன்றைக்கும் அதே வேலைதான் பார்க்கிறேன். விருந்தினர்கள் தங்கள் மொழியில் போனைப் பார்த்துப் பேசுகிறார்கள். "தங்கள் குளியலறையில் வெந்நீர் கிடைக்கப்பெறுமா?" என்று அது என்னிடம் செந்தமிழில் விசாரிக்கிறது. ஒரு சொல் பிசகுவதில்லை. ஜீப்பின் பின்சீட்டில் கணவன் மனைவி சண்டை இப்போதும் நடக்கிறது. தூது சொல்லக் கேட்டு முன்சீட்டில் இருக்கும் என் தோளைத்தான் யாரும் தட்டுவதில்லை. நானும் பாண்டி அண்ணனும் ரோட்டைப் பார்த்துக்கொண்டு வருகிறோம்.