ராத்தா காத்திருந்த ஒரு வாக்கியம்

எண்பதுகளின் நடுவில் நான் கொழும்பில் இருந்துகொண்டு தொலைக்காட்சியில் தமிழ்ச் செய்தி வாசித்தேன். கிழக்குக் கரையில் என் ஊரான மருதமுனையில் எங்கள் தெருவில் அப்போது ஒரே ஒரு பெட்டிதான், என் மூத்த சகோதரி ராத்தாவின் பக்கத்து வீட்டில். மாலையில் நான் திரையில் தோன்றினால் அந்த முற்றம் நிறைந்துவிடும். ஊருக்குப் போனால் தேநீர்க் கடைக்காரர், "உலகத்துக்கு இண்டைக்கி லீவு, நியூஸ்காரர் இஞ்ச நிக்கார்" என்பார். எனக்கு அது பிடித்திருந்தது.

பிரதான செய்தி என் கைக்கு வந்து இரண்டு வாரம்தான். ஒரு மாலை, வாசிக்கச் சற்று முன்னர் ஒரு தாள் வந்தது. மருதமுனைக்கு அப்பால் கடலில் அதிகாலை நடந்த மோதலில் நான்கு பயங்கரவாதிகள் கொல்லப்பட்டனர். பெயர்கள் இல்லை. விடியுமுன் அந்தக் கடலில் வலை இழுப்பவர்கள் எங்கள் ஊரார் என்பது எனக்குத் தெரியும். தாளைப் பிடித்தபடி அதை நினைக்கவும் செய்தேன். செய்தி ஆசிரியரிடம் ஒரு கேள்வி கேட்டிருக்கலாம். கேட்டால் அந்த நாற்காலி போய்விடும் என்று பயந்தேன். கழுத்துப்பட்டியைச் சரிசெய்துகொண்டு வாசித்தேன். உச்சரிப்பு எங்கும் பிசகவில்லை.

நால்வரில் ஒருவர் என் மச்சான், ராத்தாவின் கணவர்.

நான் போய்ச் சேர்ந்தபோது அடக்கம் முடிந்திருந்தது. ஜனாஸாத் தொழுகைக்கு இரண்டு வரிசைகூட நிறையவில்லையாம். நான் வாசித்த அந்தச் சொல்லுக்குப் பயந்து ஆட்கள் வீட்டிலேயே இருந்துவிட்டார்கள். தேநீர்க் கடைக்காரர் கோப்பையைக் கழுவியபடி சொன்னார்: "நாளைக்கி ஆர மவுத்தாக்கப் போறாய் எண்டு முன்னுக்கே சொல்லிப்போடு தம்பி. கபுறு வெட்டி வைப்பம்."

ராத்தா வெள்ளைச் சேலையில் இத்தா இருந்தாள். கணவனை இழந்தவளுக்கு விதித்த நான்கு மாதமும் பத்து நாளும் அவள் வேலி தாண்ட முடியாது.

"அவரு துவக்கு, குண்டு எண்டு எதையாவது கண்ணாலயாவது கண்டிருப்பாரா தம்பி?"

"இல்ல ராத்தா."

"வாசிக்கக்குள்ள உனக்கு எங்கட ஆக்கள் எண்டு தெரியுமா?"

"தெரியா."

அந்தப் பொய்யை அவள் நம்பினாள். "அப்ப அதே வாயால சொல்லு, அவங்க மீன் புடிக்கப் போன ஆக்கள் எண்டு. என்ட புள்ளைகள் இந்த ஊருல தல நிமிந்து நடக்கணும்."

"ஓம் ராத்தா" என்றேன்.

கொழும்பில் ஆசிரியரிடம் ஒரே ஒரு தடவை கேட்டேன். "தந்ததை வாசிப்பதுதான் உங்கள் வேலை" என்றார். அதன் பிறகு நான் வாய் திறக்கவில்லை. ஆனால் ஒவ்வொரு மாலையும் கடைசிச் செய்திக்கும் விடைபெறும் வார்த்தைக்கும் இடையில் ஒரு மூச்சு இடைவெளி இருந்தது. அந்த நால்வரும் மீனவர்கள் என்று சொல்ல அது போதும். சொல்லி முடிக்குமுன் யாரும் தடுத்திருக்க முடியாது. சொன்ன பிறகு எனக்கு என்ன நடக்கும் என்பதையே ஒவ்வொரு மாலையும் நினைத்தேன்.

ஊரில் அப்போது நடந்ததைப் பல வருடங்கள் கழித்து அந்தப் பக்கத்து வீட்டுப் பெண்தான் எனக்குச் சொன்னாள். இத்தாக் காலம் முழுவதும் ராத்தா செய்தி நேரத்தில் வேலியோரம் வந்து உட்கார்ந்திருக்கிறாள். அவளுக்குக் கேட்கட்டும் என்று பக்கத்து வீட்டார் பெட்டியின் சத்தத்தைக் கூட்டி வைத்திருக்கிறார்கள். இத்தா முடிந்த அன்று ராத்தா முதன்முதலாகப் போனது அந்த வீட்டுக்குத்தான். பெட்டியில் நான் வாசித்துக்கொண்டிருந்தேனாம். ராத்தா என் முகத்தைக் கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு, "இனிச் சத்தமா வைக்க வேணாங்கா" என்று சொல்லிவிட்டுத் திரும்பிப் போயிருக்கிறாள்.